சனம் இருக்கு, சாட்டுத்தான் இல்ல

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்.

நான் திருகோணமலையில இருந்து எழுதுறன். இ.போ.ச. (இலங்கைப் போக்குவரத்துச் சபை) பஸ்ஸில 31 வருசம் கொண்டக்டரா இருந்து றிட்டயர் ஆன ஆள், வயசு 66. டிக்கெட் கிழிச்ச கை, கடிதம் எழுதிப் பழக்கமில்ல, ஆனபடியா பிழை கிழை இருந்தா நீங்களே திருத்திப் போடுங்கோ, திருத்தாட்டியும் பரவாயில்ல. போன கிழமை உங்கட கடிதப் பக்கத்தில ஒருத்தர் எழுதியிருந்தார், இந்தக் காலத்துச் சனம் கெட்டுப்போச்சு, எல்லாரும் போனுக்குள்ள தலையை விட்டிட்டு இருக்கினம், பக்கத்து வீட்டான் செத்தாலும் தெரியாது, இளசுகளுக்கு மனுசரே தேவையில்ல எண்டு. அதை வாசிச்சதில இருந்து மனசுக்குள்ள ஏதோ முண்டிக்கொண்டே கிடக்குது. அவர் சொன்னதில பாதி சரி, மற்றப் பாதி எனக்கு ஒத்துவரேல்ல. சனம் கெடேல்ல ஐயா. கதைக்கிறதுக்கு சாட்டு இல்லாமப் போச்சு.

நான் படிச்ச மனுசன் இல்ல, ஆனா அவ்வளவு காலமும் ஒரு பஸ்ஸுக்குள்ள நிண்டு சனத்தைப் பாத்தவன். ஒருத்தன் இன்னொருத்தனிட்ட நேரா போய், எனக்கு தனிய இருந்து விசர் பிடிக்குது, கொஞ்சநேரம் என்னோட கதை எண்டு கேக்க மாட்டான். வெக்கம். கேட்டாலும் மற்றவன் பயந்திடுவான், இவன் கடனுக்கு அடி போடுறான் எண்டு. இடையில ஒரு சாட்டு வேணும். அண்ணை நேரமென்ன, நிலாவெளி பஸ் போட்டுதோ, தங்கச்சி ஒரு நெட்டு கறிவேப்பிலை தாங்கோ, பேப்பரை ஒருக்காத் தாங்கோ பாத்திட்டுத் தாறன். கையில மணிக்கூடு கட்டியிருக்கிற ஆள் பக்கத்து சீற்காரனிட்ட நேரம் கேக்கிறதை நான் எத்தினை தரம் கண்டிருப்பன். அவருக்கு நேரம் தெரியாமலா கேட்டவர்?

கிண்ணியா றூட்டில ஓடின ஆக்களுக்கு நான் சொல்றது விளங்கும். அப்ப பாலம் இல்ல, துறையடியில பாதைக்கு, அதுதான் ஆக்களையும் பஸ்ஸையும் அக்கரைக்குக் கொண்டு போற மிதவைக்கு, நிக்கோணும். பாதை அக்கரையில நிண்டா அது திரும்பி வரும்வரைக்கும் அரை மணித்தியாலம், கூட்டமெண்டா ஒரு மணித்தியாலம். அதுக்குள்ள கச்சான் விக்கிறவர் ஒருக்கா சுத்தி வந்திடுவார், டவுனில படிப்பிச்சிட்டுப் போற வாத்திமார் ஒரு பக்கம், மீன் பெட்டியோட நானாமார் ஒரு பக்கம், கச்சேரிக்கு வந்து அலுத்துக் களைச்சுப் போற சனம் இன்னொரு பக்கம், பெட்டியை வச்சிட்டு அதுக்கு மேலயே குந்தியிருந்து ஊர்க்கதை எல்லாம் அவிழும். ஆர்ர பிள்ளை பாஸ், ஆர்ர வயல் அழிஞ்சுது, எங்க ஆமி சுத்தி வளைச்ச ரவுண்டப் நடந்தது, எல்லாம் துறையடியில தான் தெரியும். அதில நிண்டு பேசி முடிச்ச கலியாணம் ரெண்டு எனக்கே தெரியும், மாட்டு வியாபாரம் எண்டா கணக்கில்ல. அதுக்கங்கால மூதூருக்குப் போறதெண்டா இன்னும் துறை துறையா இறங்கி ஏறோணும்.

2009 ஒக்டோபரில பாலத்தைத் துறந்தாங்கள். 396 மீட்டர், இலங்கையிலயே ஆக நீளமான பாலம் எண்டு பெரிய விழா. இப்ப கண்ணை மூடித் துறக்கிறதுக்குள்ள அக்கரை. பிள்ளைப்பேறுக்குக் கொண்டு போற பொம்பிளை பாதைக்குக் காத்துக்கொண்டு துடிச்சதைக் கண்ணால கண்டவன் நான், ஆனபடியா பாலம் வேண்டாமெண்டு நான் ஒரு நாளும் சொல்ல மாட்டன், சொன்னா வாய் அழுகிப்போகும். ஆனா பாலம் துறந்த கிழமை அந்தக் கச்சான் வித்த மனுசன் என்னைப் பாத்து, இனி ஆர் தம்பி இதில வந்து நிக்கப் போயினம் எண்டு கேட்டவர், அது இன்னும் காதுக்க நிக்குது. அவர் யாவாரத்தை நினைச்சுத் தான் கேட்டவர், எனக்கு இப்ப அது வேற மாதிரிக் கேக்குது.

சண்டைக் காலத்தைப் பற்றி நல்லாச் சொல்ல ஒண்டுமில்ல, ஆனா செக்பொயின்றில எல்லாரையும் இறக்கி நடக்க விடேக்க முன்ன பின்ன தெரியாத ரெண்டு பொம்பிளையள் ஒரு குடைக்குள்ள போவினம், மறுபடி பஸ்ஸில ஏறேக்க பக்கத்தில பக்கத்தில தான் இருப்பினம். அதுவும் ஒரு சாட்டு தானே.

இப்ப ஒவ்வொண்டா எடுத்துப் பாருங்கோ. நான் இருக்கிறது டச்பே பக்கம் ஒரு ஒழுங்கை. அஞ்சு வீட்டுக்கும் ஒரு பொதுக் கிணறு இருந்தது, பைப் வந்தது, கிணத்துக்கு வலை போட்டாச்சு. சங்கக்கடையில கூப்பனுக்கு நிண்ட சனம் இப்ப சூப்பர் மார்க்கெட்டுக்குப் போகுது, அங்க அந்தப் பிள்ளை கார்ட் இருக்கா எண்டு மட்டும் கேக்கும், இல்லையெண்டா அதோட கதை முடிஞ்சுது. வெளிநாட்டுக் கோலுக்கு கொமினிகேசன் கடையில வாங்கில காத்திருந்தம், இப்ப பேரன் போனுக்குள்ளயே வந்து நிக்கிறான். லைட் பில் போனில, வாடகை போனில, சாமான் ஓடர் பண்ணினா ஒரு பொடியன் கொண்டந்து கேற்றில கொழுவிப்போட்டு ஹோர்ன் அடிச்சிட்டுப் போறான், முகத்தைக் காணக்கூடக் கிடைக்காது. எல்லாமே லேசாப் போச்சு, ஒண்டிலயும் நான் குறை பிடிக்கேல்ல. அந்த லேசில போனது என்னெண்டு தான் ஒருத்தரும் கணக்குப் பாக்கேல்ல.

என்ட கதையையும் சொன்னாத்தான் நான் என்னத்துக்கு இவ்வளவு சொல்றன் எண்டு விளங்கும். 2021 ஓகஸ்டில என்ட மனுசி போயிட்டா. கொரோனா இல்ல, ஹாட் அட்டாக், ஆனா அது நாடு முழுக்க பூட்டியிருந்த நேரம், ஓகஸ்ட் 20ல இருந்து ஒக்டோபர் முதலாம் திகதி மட்டும் ஊரடங்கு. கொழும்பில இருந்த மகன் பாஸ் எடுத்து வந்து சேந்ததே பெரும்பாடு. பந்தல் இல்ல, சனம் இல்ல, விரல் விட்டு எண்ணக்கூடிய ஆக்களோட காரியத்தை முடிச்சம். என்னோட வேலை செய்த ஆக்கள் எல்லாம் போன் எடுத்து, அண்ணை ஊரடங்கு எடுத்த உடன வாறம் எண்டு சொன்னவை. மனசார சொன்னவை தான். ஆனா ஊரடங்கு எடுக்கேக்க எட்டுச் செலவும் முடிஞ்சு அந்தியேட்டியும் முடிஞ்சு போச்சு, இனி எந்தச் சாட்டில வாறது? இழவு கேக்க வாறதெண்டா அதுக்கொரு நாள் கிடக்கு, அது தப்பினா தப்பினது தான். அதில ஒருத்தர், 20 வருசம் என்னோட ஒரே பஸ்ஸில ட்ரைவரா இருந்த மனுசன், மாக்கெற் வாசலில என்னைக் கண்டிட்டு மற்றப் பக்கம் ரோட்டைக் கடந்து போனார். வராமப் போன வெக்கம். எனக்கு அவரில ஒரு கோவமும் இல்ல, கூப்பிட்டிருக்கலாம், நானும் கூப்பிடேல்ல. இண்டைக்கும் என்னைக் கண்டா அவர் ரோட்டைக் கடக்கிறார், நானும் கடைப் பலகையைப் பாக்கிற மாதிரி நிக்கிறன். ரெண்டு கிழட்டு விசரன்கள்.

நம்ப மாட்டீங்கள், அதுக்குப் பிறகு நான் மனுசரோட மனம்விட்டுக் கதைச்சது 2022ல, பெற்றோல் லைனில. நாசமாப் போன காலம், காஸ் இல்ல, பால்மா இல்ல, மருந்து இல்ல, அதை நல்ல காலமெண்டு சொல்ல எனக்கென்ன விசரா. ஆனா என்ட பழைய எம்டி நைன்ரி மோட்டர்சைக்கிளை வச்சுக்கொண்டு ரெண்டு நாள் லைனில நிக்கேக்க தான் எங்கட ஒழுங்கையில மூண்டு வீடு தள்ளி இருக்கிறவர் முந்தி ஹார்பரில வேலை செய்தவர் எண்டே எனக்குத் தெரியும். ஆறு வருசமா கண்டா தலையாட்டிக்கொண்டு போன ஆள். நான் பிளாஸ்கில பிளேன்டீ கொண்டு போனன், அவர் வீட்டில இருந்து றொட்டி வந்தது, பின்னால நிண்ட அபயபுரத்துச் சிங்களப் பொடியன் எங்கட ரெண்டு சைக்கிளையும் சேத்துத் தள்ளிக்கொண்டு வந்தான். மார்ச் கடைசியில 13 மணித்தியாலம் கரண்ட் வெட்டினாங்கள் எல்லோ, அந்த நாளையில எங்கட ஒழுங்கைச் சனம் முழுக்க பாயோட ரோட்டில. சின்னனுகள் ஒளிச்சுப் பிடிச்சு விளையாடினதுகள், ஒரு மாமி விளக்கு வெளிச்சத்தில சுனாமிக் கதை சொன்னா, 2004ல அலை வரேக்க எப்பிடி ஓடினம் எண்டு, கேட்டுக்கொண்டிருந்த பொடியள் அப்ப பிறக்கவேயில்ல. பிறகு பெற்றோலுக்கு கியூஆர் கோட் வந்தது, கியூ போச்சு. கரண்டும் வந்தது. சனம் உள்ளுக்குப் போய்க் கதவைச் சாத்தி ஃபேனைப் போட்டுது, நானும் தான் போட்டன். அந்த ஹார்பர் மனுசனும் நானும் திரும்பவும் தலையாட்டுறதோட நிக்கிறம்.

அடுத்த வருசம் மகன் வந்து, அப்பா தனிய இருக்க வேண்டாம் எண்டு கொழும்புக்குக் கூட்டிக்கொண்டு போனான். வெள்ளவத்தையில பிளாட், ஏழாம் மாடி. ஒரு மாடிக்கு நாலு வீடு, கூடுதலா எங்கட சனம், வெங்காயம் வதக்கினா மணம் தெரியும், குக்கர் விசில் எத்தினை அடிக்குதெண்டு தெரியும், ஆள் ஆரெண்டு தெரியாது. லிஃப்டில ஏறினா எல்லாரும் மேல எரியிற நம்பரைப் பாத்துக்கொண்டு நிப்பினம், ஏதோ அதில லொத்தர் முடிவு வாற மாதிரி. நான் பழக்க தோசத்தில ஒரு நாள், தங்கச்சி எங்க இறங்கப் போறீங்க எண்டு கேட்டிட்டன், அந்தப் பிள்ளை ஹாண்ட்பாக்கை இறுக்கிப் பிடிச்சுது. பிழை அந்தப் பிள்ளையில இல்ல, முன்பின் தெரியாத கிழவன் கேட்டா அப்பிடித்தான்.

எனக்கு அங்க கதைக்கக் கிடைச்ச ஒரே ஆள் கீழ கேற்றில நிண்ட செக்குரிட்டி ஐயா, மொனராகலைப் பக்கத்துச் சிங்கள மனுசன். எனக்கு சிங்களம் பஸ்ஸில பழகினது, நல்லா வரும். அந்தாள் என்னைக் கொந்தொஸ்தர மாத்தயா, கொண்டக்டர் ஐயா எண்டு தான் கூப்பிடுவார். ஆனா சும்மா கீழ போய் நிக்க ஒரு மாதிரி இருக்கும் தானே, அதால குப்பையை எடுத்துக்கொண்டு போவன். காலமை ஒரு பாக், மத்தியானம் ஒரு பாக். பிறகு பிறகு ஒரு பாக் குப்பையை ரெண்டாப் பிரிச்சுக் கட்டத் தொடங்கினன், வாழைப்பழத் தோலுக்கு ஒண்டு, தேயிலைச் சக்கைக்கு ஒண்டு. மருமகள் ஒரு நாள் கேட்டா, மாமா என்னத்துக்கு ஒரு நாளைக்கு நாலு தரம் குப்பை கொண்டு போறீங்க எண்டு. என்னத்தைச் சொல்றது. நாலு மாசம் இருந்தன், இரவுக் கோச்சியில ஏறி ஊருக்கு வந்திட்டன். கோச்சிக்குள்ள கந்தளாய் வரும்வரைக்கும் பக்கத்து சீற்காரரோட கதைச்சுக்கொண்டே வந்தன், அந்தாள் நித்திரை வருதெண்டு ரெண்டு தரம் சொன்னது இப்ப தான் ஞாபகம் வருது.

எங்களுக்கு பென்சன் இல்ல, ஈபிஎஃப் காசும் கரைஞ்சுகொண்டு போகுது, ஆனபடியா மேல் மாடி அறையை வாடகைக்குக் குடுத்தன். மன்னார்ப் பக்கத்துப் பொடியன், 27 வயசு, இங்க ஒரு லீசிங் கொம்பனியில வேலை. நல்ல பிள்ளை, சத்தமே இல்ல, வாடகை அஞ்சாம் திகதி பாங்குக்கு வந்திடும். ஒம்பது மாசம் அவன் மேல, நான் கீழ, ஒரு கொன்கிறீற் தட்டு இடையில. அவன் படியில இறங்கிற சத்தம் கேட்டா எட்டு மணி, ஏறிற சத்தம் கேட்டா ஏழரை, அவ்வளவு தான் எனக்கு அவனைப் பற்றித் தெரிஞ்சது. கண்டா அங்கிள் எண்டுவான், நான் தம்பி எண்டுவன்.

ஒரு நாள் இரவு நான் தண்ணி மோட்டரைப் போட்டிட்டு கதிரையிலயே நித்திரையாப் போனன். பத்து மணி இருக்கும், கதவில தட்டுப்படுது. அங்கிள், டாங்க் நிரம்பி வழியுது, என்ட அறைக்குள்ள தண்ணி வருது எண்டான். ரெண்டு பேரும் மேல ஓடினம், அவன் போன் வெளிச்சத்தைப் பிடிக்க நான் டாங்குக்குள்ள கையை விட்டுப் பாத்தா தண்ணியை நிப்பாட்டிற போல் வால்வு கழண்டு விழுந்து கிடக்கு. ஒரு கம்பி எடுத்துக் கட்டி, அறையைத் துடைச்சு, சாறமெல்லாம் நனைஞ்சு, பிறகு கீழ வந்து தேத்தண்ணி போட்டன். அவன் குடிச்சிட்டுப் போயிடுவான் எண்டு தான் நினைச்சன். போகேல்ல. விறாந்தையில இருந்து கதைக்கத் தொடங்கினம், கோவில் பக்கத்தில இருந்து மான் ரெண்டு வந்து கேற்றடியில நிண்டுது, அதுகளைக் காட்டினன், எங்கட டவுன் மானுக்கு மனுசரில பயமில்ல, வாழைப்பழத் தோலுக்குக் கதவடிக்கு வரும். உண்மையைச் சொன்னா, மனுசி போன பிறகு கன இரவு அந்த மானுகளோட தான் நான் கதைச்சிருக்கிறன். அதையும் அவனிட்டச் சொன்னன், அவன் சிரிக்கேல்ல.

பொடியன் சொன்னான், அங்கிள், நான் சாப்பிடேக்க யூரியூப்பில ஆராவது கதைக்கிற வீடியோ ஒண்டைப் போட்டுவிடுவன், பாக்கிறதுக்கு இல்ல, அறைக்குள்ள ஒரு குரல் கேக்கட்டும் எண்டு. சனிக்கிழமை பின்னேரம் டச்பே கடற்கரைக்குப் போய் மோட்டர்சைக்கிளில இருந்தபடியே இருப்பானாம். குடும்பம் குடும்பமா வந்து கச்சான் வடை சாப்பிடுதுகள், நான் போனைக் காதில வச்சுக்கொண்டு ஆரோடயோ கதைக்கிற மாதிரி இருப்பன், தனிய வந்திருக்கிறான் எண்டு ஆரும் நினைக்கக் கூடாதெண்டு, மறுபக்கத்தில ஆளே இல்ல அங்கிள் எண்டான்.

இதைக் கேட்ட பிறகு தான் அந்தக் கடிதம் எழுதினவரை நினைச்சன். அவர் டச்பேயில அந்தப் பொடியனைக் கண்டிருந்தா என்ன எழுதியிருப்பார்? பாருங்கோ, கடற்கரைக்கு வந்தும் போனோட இருக்கிறான் எண்டு தானே எழுதியிருப்பார். பன்ரண்டரை மட்டும் கதைச்சிட்டு அவன் மேல போனான். அந்தக் கழண்ட போல் வால்வை நான் இன்னும் மாத்தேல்ல, கம்பியோட தான் நிக்குது.

அந்தப் பொடியன் தான் பிறகு போனில எடுத்துக் காட்டினவன், உலக சுகாதார நிறுவனம் 2025 ஜூனில ஒரு அறிக்கை விட்டதாம். உலகத்தில ஆறு பேருக்கு ஒருத்தர் தனிமையில வாடுறாராம், அதால வருசத்துக்கு 8 லட்சத்து 71 ஆயிரம் சாவு, மணித்தியாலத்துக்கு 100 பேர் எண்டு கணக்கு. இருதய வருத்தம், பாரிசவாதம், சீனி வருத்தம் எல்லாம் இதால கூடுதாம். நான் கிழடுகளுக்குத் தான் இது எண்டு நினைச்சுக்கொண்டிருந்தன், பாத்தா 13 வயசுக்கும் 29க்கும் இடையில உள்ளதுகளுக்குத் தான் கூட. இன்னொண்டு, இது வெள்ளைக்காரன்ர வருத்தம் எண்டு எங்கட ஆக்கள் சொல்லுவினம், ஆனா ஏழை நாடுகளில நாலு பேருக்கு ஒருத்தர் கிட்ட, பணக்கார நாடுகளில நூறில 11 பேர் தானாம். வெள்ளைக்காரனாவது 2018லயே இங்கிலாந்தில இதுக்கொரு மந்திரியைப் போட்டிட்டான், ஜப்பான்காரன் 2021ல போட்டான். எங்களுக்கு மந்திரி வேண்டாம், இருக்கிறதே காணும்.

எங்கட சனம் தனிமை எண்ட சொல்லைப் பாவிக்காது, அதால தான் இது வெளிய தெரியிறதில்ல. பொழுது போகுதில்ல எண்டு சொல்லும். யோசினை கூடிப்போச்சு எண்டு சொல்லும். டொக்டரிட்டப் போய் நாரி உளைவு, தலைப்பாரம் எண்டு சொல்லும். கிளினிக் நாளில வந்து பாருங்கோ, பிரஷருக்கும் சீனிக்கும் மருந்தெடுக்கிற சனம் காலமை அஞ்சரைக்கே வந்து வாங்கில இருக்கும், டொக்டர் எத்தினை மணிக்கு வருவார் எண்டு எல்லாருக்கும் தெரியும். நம்பர் எடுக்கிறதுக்கு எண்டு தான் சொல்லுவினம். ஒரு ஆச்சி பாலையூற்றில இருந்து வாறவ, ஓட்டோவுக்குக் காசு குடுத்து, பிளாஸ்கும் வெத்திலைப் பெட்டியுமா, பக்கத்தில இருக்கிறவைக்கு வெத்திலை மடிச்சுக் குடுத்துக்கொண்டு. கொரோனாவுக்க கிளினிக் மருந்தைத் தபாலில வீட்டுக்கு அனுப்பினவை, நல்ல வேலை, ஆனா அந்த ஆச்சி என்னட்டச் சொன்னவ, தம்பி மருந்து வந்தது, எனக்கு வருத்தம் தான் கூடிப்போச்சு எண்டு.

இந்த யோசினை எண்டதை வச்சு ஒரு விசயம். ஆபிரிக்காவில சிம்பாப்வே எண்ட நாட்டில மனவருத்தத்தை அவங்கட பாசையில குஃபுங்கிசிசா எண்டு சொல்றதாம், அதுக்கு அர்த்தம் கூட யோசிக்கிறது. எங்கட சொல் தானே! அங்க டிக்சன் சிபாண்டா எண்ட ஒரு மனநல டொக்டர், நாட்டில டொக்டர்மார் காணாதெண்டு, 2006ல கிளினிக் வளவுக்குள்ள மரவாங்கு போட்டு அதில ஊர்ப் பாட்டிமாரை இருத்தினவர். பாட்டிமாருக்குக் கொஞ்சம் பயிற்சி குடுத்திட்டு, வாற சனத்தின்ர கதையைக் கேக்கச் சொன்னது, அவ்வளவு தான். அதை ஆராய்ச்சி பண்ணிப் பாத்து, சும்மா கிளினிக்குக்குப் போற ஆக்களை விட வாங்கில இருந்து கதைச்ச ஆக்களுக்கு நல்ல சுகம் எண்டு 2016ல எழுதினவை. பாலையூற்று ஆச்சி ஒரு பயிற்சியும் இல்லாம வெத்திலையோட அதைத்தான் செய்துகொண்டிருக்கிறா.

ஒல்லாந்தில ஒரு சூப்பர் மார்க்கெட்காரர் 2019ல அவசரமில்லாத ஆக்களுக்கெண்டு ஒரு கவுண்டர் வச்சவையாம், அதில ஆறுதலாக் கதைச்சுக் கதைச்சு பில் போடலாம். எங்கட கோட்டையையும் பிடிச்சு வச்சிருந்து எங்கட கடலுக்கும் டச்பே எண்டு தங்கட பேரை விட்டிட்டுப் போன ஆக்கள், இந்தப் புத்தியை அப்பவே காட்டியிருக்கலாம்.

சரி, நான் கேக்கிறது என்னெண்டா. எங்கட டவுனில காசு குடுக்காம இருக்கிறதுக்கு இடம் காணாது. கடற்கரையில இருக்கிறதெண்டா மணலில, முழங்கால் ஏலாத எங்களுக்கு இருந்தா எழும்ப ஏலாது. கடைக்குள்ள இருக்கிறதெண்டா ரோல்ஸும் தேத்தண்ணியும் எடுக்கோணும், குடிச்ச உடன பொடியன் மேசையைத் துடைச்சு எழும்பப் பண்ணிடுவான். பொறுப்பான ஆக்கள் டச்பே பக்கமும் உட்துறைமுக வீதிப் பக்கமும் சாய்மானம் உள்ள வாங்கு போடுங்கோ, கிரனைட் வேண்டாம், பேர் பொறிச்ச கல் வேண்டாம், மர நிழலில பலகை காணும். அதுவும் கடலைப் பாத்தபடி வரிசையாப் போடாதேங்கோ, ஆளை ஆள் பாக்கிற மாதிரிப் போடுங்கோ, அது முக்கியம், வரிசையாப் போட்டா அது பஸ் சீற் மாதிரி, அவனவன் முன்னுக்குப் பாத்துக்கொண்டு இருப்பான், 31 வருச அனுபவத்தில சொல்றன். வாசிகசாலைகளில பேப்பரோட ஒரு தேத்தண்ணிக் கேத்திலும் வைக்கட்டும், சத்தம் போடாதீர் எண்ட போர்ட்டை ஒரு அறையில மட்டுமாவது கழட்டட்டும். கோவில்காரர், பள்ளிக்காரர், சேர்ச்காரர், விகாரைக்காரர் எல்லாரிட்டயும் மண்டபம் கிடக்கு, கலியாணத்துக்கு வாடகைக்கு விடாத நாளில பின்னேரம் கதவைத் துறந்து விட்டா என்ன குறைஞ்சு போகும்.

உண்மையிலயே ஏலாமப் போன ஆக்களுக்கு 1926 எண்ட நம்பர் கிடக்கு, அரசாங்க மனநல லைன், இரவு பகலா எடுக்கலாம். சுமித்ரயோ எண்ட அமைப்பும் 1974ல இருந்து ஆக்களின்ர கதையைக் கேட்டுக்கொண்டு வருது. இதை நான் இந்தக் கடிதத்தில எழுதுறதுக்குக் காரணம், எங்கட சனம் பேப்பரை வெட்டி வச்சுக்கொள்ளும், சும்மா ஆரும் நம்பர் சொன்னா, எனக்கென்ன விசரோ எண்டு கோவிக்கும்.

நான் என்ட பங்குக்கு ஒண்டு செய்திருக்கிறன். எங்கட ஒழுங்கைக்குப் பின்னேரம் பாண் ஓட்டோ வரும், மியூசிக் போட்டுக்கொண்டு. அந்தச் சத்தம் கேட்டா எல்லா வீட்டுக் கேற்றும் துறக்கும், ஒரு ரெண்டு நிமிசம் ஒழுங்கையில ஆக்களைக் காணலாம், சீனி பணிஸ் இருக்கா, மாலு பாண் சூடோ எண்டு கேட்டு வாங்கிக்கொண்டு போயிடுவினம். நான் அந்தப் பாண்காரத் தம்பியிட்டச் சொல்லி, ஓட்டோவை எங்கட வீட்டுக்கு முன்னால வேப்பமரத்தடியில நிப்பாட்டப் பண்ணினன். நீலக் கலர் பிளாஸ்ரிக் கதிரை மூண்டும், மனுசியின்ர பழைய வாங்கு ஒண்டும் கேற்றுக்கு வெளிய போட்டன். கேத்திலில தேத்தண்ணி. பணிஸ் வாங்கின உடன கையில தேத்தண்ணியைக் குடுத்தா, சனம் நிண்டுகொண்டு குடிக்க ஏலாது தானே. மேல் மாடிப் பொடியன் வேலை முடிஞ்சு நேரத்துக்கு வந்தா அவன் தான் ஊத்துறது. ஹார்பர் மனுசன் முதல் நாளே வந்திட்டார், தன்ட கோப்பையோட.

போன வெள்ளிக்கிழமை ஒழுங்கையால ஒரு வயசு போன ஆள் நடந்து வந்தார், எங்கட பக்கத்து ஆள் இல்ல, நான் கண்டதேயில்ல. கதிரையையும் கேத்திலையும் பாத்திட்டு, என்ன தம்பி இங்க விக்கிறீங்கள் எண்டு கேட்டார். ஒண்டும் விக்கேல்ல ஐயா, இருங்கோ எண்டன். நம்பேல்ல. கட்சிக்காரரோ எண்டு கேட்டார், இல்லையெண்டன். சமயக்காரரோ எண்டார், இல்லையெண்டன். அப்ப என்னத்துக்கு எண்டிட்டுப் போயிட்டார். பத்து நிமிசம் இருக்கும், திரும்பி வந்து, தம்பி நேரமென்ன எண்டு கேட்டார். கையில மணிக்கூடு கட்டியிருந்தவர். அஞ்சேகால் ஐயா எண்டு சொல்லி கதிரையை இழுத்துப் போட்டன்.

என்னோட ட்ரைவரா இருந்தவர் உங்கட பேப்பர் எடுக்கிறவர் எண்டு எனக்குத் தெரியும். பாண் ஓட்டோ அஞ்சு மணிக்கு வரும் எண்டு அவருக்குத் தெரியட்டும். வாற ஆக்கள் கோப்பை கொண்டு வாங்கோ, என்னட்ட நாலு தான் கிடக்கு, அதில ஒண்டுக்குக் காது இல்ல. ஒரு கதிரைக்கு கால் கொஞ்சம் ஆடும், அதில நான் இருக்கிறன்.

இப்படிக்கு,
பழைய கொண்டக்டர்,
டச்பே, திருகோணமலை.